சயாம் பாதை குளுவாங்கில் தொடங்குகிறது

ஜொகூர்த் தமிழ்க் குடும்பங்கள் பள்ளி விடுமுறையில் தாய்லாந்துக்குப் போவது புதிதல்ல. ஹாட்யாயோடு திரும்பிவிட்டவர்கள் இப்போது பாங்காக் வரை போகிறார்கள், போகிற வழியில் காஞ்சனபுரியையும் சேர்த்துக்கொள்கிறார்கள். "மரண ரயிலப் பாத்துட்டு வந்துடலாம்" என்று கிளம்புகிறவர்களில் பலருக்கு அந்த ரயில் வீட்டுக் கதை. தாத்தாவின் அண்ணனோ பாட்டியின் முதல் புருஷனோ ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்குப் போய்த் திரும்பாமல் போயிருப்பார். அப்படிப்பட்ட குடும்பம் அங்கே போனால், தேடிப் போன மனிதரை அந்தச் சுற்றுலா காட்டுகிறதா? நடந்து பார்த்த பிறகு என் பதில், பெரும்பாலும் இல்லை என்பதுதான். ஆனால் கோபத்தில் எல்லாவற்றையும் தூக்கி எறிவதும் அநியாயம். அங்கே நன்றாகச் செய்யப்பட்டவையும் இருக்கின்றன. அவற்றை எடை போடாமல் குறையை மட்டும் சொன்னால் நாம் செய்ய வேண்டிய வேலை கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும்.

நடந்தது என்ன என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பர்மாவிலிருந்த படைக்குக் கடல்வழியாகத் தளவாடம் அனுப்புவது ஆபத்தானதால் ஜப்பானிய ராணுவம் சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் நீள ரயில் பாதை போட முடிவு செய்தது. 1942 நடுவில் வேலை தொடங்கியது. 1943 அக்டோபர் 17 அன்று இரு பக்கத் தண்டவாளங்களும் கொன்குயிட்டாவில் இணைந்தன. வேலை வாங்கப்பட்ட நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000-க்கு மேல், இறந்தவர்கள் 12,000-க்கு மேல். ஆசியத் தொழிலாளர்கள் சுமார் 2 லட்சம், அவர்களில் இறந்தவர்கள் ஏறத்தாழ 90,000 என்று மதிப்பிடுகிறார்கள். மலாயாவிலிருந்து மட்டும் 75,000 பேருக்கு மேல் போனார்கள், அவர்களில் பெரும்பாலோர் ரப்பர் தோட்டத்துத் தமிழர்கள். கைதிகளில் ஏறக்குறைய ஐவரில் ஒருவர் செத்தார் என்றால், தோட்டத்து ஜனங்களில் சாவு அதைப் போல இரண்டு மடங்கு. கைதிகளிடம் அதிகாரிகளும் ராணுவ டாக்டர்களும் இருந்தார்கள், தண்ணீரைக் காய்ச்சிக் குடிக்க வேண்டும் என்ற கட்டுப்பாடு இருந்தது. நம் ஆட்களிடம் இவற்றில் ஒன்றும் இல்லை. 1943 மழைக்காலத்தில் காலரா வந்தபோது கூடாரம் கூடாரமாகப் போனார்கள். நிலைமை கைமீறிய பிறகுதான் கைதிகளிலிருந்த மருத்துவர்களைக் கே படை, எல் படை என்று பிரித்துத் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பினார்கள். அவர்களையும் பல இடங்களில் மருத்துவம் பார்க்க விடவில்லை.

இனி சுற்றுலாவுக்கு வருவோம். வழக்கமான ஒரு நாள் ஏற்பாட்டில் முதலில் போர்க் கல்லறை, பிறகு பக்கத்து அருங்காட்சியகம், அதன்பின் பாலம், மதிய உணவு, வாங் போ மரப்பாலத்தின் மேல் ரயில் பயணம். நேரமிருந்தால் ஹெல்ஃபயர் பாஸ். கல்லறைத் தோட்டத்தில் 6,982 பேர் அடக்கம். புல்லை ஒரே மட்டத்தில் வெட்டி வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு வெண்கலத் தகட்டிலும் பெயர், படைப்பிரிவு, வயது, சிலவற்றில் வீட்டார் அனுப்பிய ஒரு வரி. பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுப் பிள்ளைகள், இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயதில் செத்தவர்கள். அங்கே நிற்கும்போது நெஞ்சு கனக்கத்தான் செய்கிறது. எங்கள் குழுவில் வந்திருந்த வயதான அம்மா ஒருவர் வரிசை வரிசையாகக் குனிந்து தகடுகளைத் தடவிக்கொண்டே போனார். கொஞ்ச நேரம் கழித்துக் குழுத் தலைவரிடம், "தம்பி, நம்ம ஆளுங்கள எங்க புதைச்சாங்கன்னு அந்தப் பையன்கிட்ட கேளு" என்றார். தாய்லாந்து வழிகாட்டி பணிவாகத்தான் பதில் சொன்னார். இங்கே தொழிலாளர்கள் யாரும் இல்லை, ஊருக்குள் வாட் தவோர்ன் கோவிலில் ஓர் இடம் இருக்கிறது, ஆனால் அது இன்றைய திட்டத்தில் இல்லை என்றார். "நேரமில்லையாம் பாட்டி, ரயிலப் பிடிக்கணுமாம்" என்று குழுத் தலைவர் மொழிபெயர்த்தார். அந்த அம்மா அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை.

அந்த வழிகாட்டியை நான் குறை சொல்லமாட்டேன். அவர் கையிலிருந்த கதை மற்றவர்கள் எழுதிக் கொடுத்தது. அந்தக் கதையின் நடுவில் ஒரு சினிமா நிற்கிறது. 1957-இல் டேவிட் லீன் எடுத்த குவாய் நதிப் பாலம் படத்தைச் சொல்லாமல் எந்த வழிகாட்டியும் பாலத்தருகே பேச்சைத் தொடங்குவதில்லை. அந்தப் படத்துப் பாலம் இலங்கையில், கித்துல்கலவில் கட்டி வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. இன்று நாம் நடந்து படமெடுக்கும் இரும்புப் பாலத்தில் வளைந்த பகுதிகள் மட்டுமே போர்க்காலத்தவை, நடுவே இருக்கும் நேரான இரண்டு கண்களும் குண்டுவீச்சுக்குப் பிறகு மாற்றப்பட்டவை. நதிக்கே படத்துக்குப் பிறகு 1960-இல்தான் குவாய் என்ற பெயரைப் பொருத்தினார்கள். பொய் என்று இதைத் தள்ள முடியாது, பயணி கேட்டதை ஊர் கொடுத்திருக்கிறது. ஆனால் அந்தப் படத்தில் தோட்டத் தொழிலாளிக்குக் கதை கிடையாது. படத்தைச் சுற்றி அமைந்த சுற்றுலாவிலும் அவன் இல்லாமல் போனான். 1977-இல் திறந்த ஜீத் அருங்காட்சியகத்தின் பெயரே சம்பந்தப்பட்ட நாடுகளின் ஆங்கில முதலெழுத்துகளைக் கோத்தது. ஜப்பான், இங்கிலாந்து, ஆஸ்திரேலியா, அமெரிக்கா, தாய்லாந்து, ஹாலந்து எல்லாம் அதில் உண்டு. ஆயிரக்கணக்கில் ஆட்களைக் கொடுத்த மலாயாவும் பர்மாவும் இல்லை.

நன்றாக இருப்பதைச் சொல்ல வேண்டும் என்றேன். கல்லறையை ஒட்டியுள்ள தாய்லாந்து–பர்மா ரயில்வே மையம் நேர்மையான இடம். அதை 2003-இல் தொடங்கிய ராட் பீட்டி பாதை நெடுகக் காட்டில் அலைந்து முகாம் முகாமாக இடம் குறித்தவர். அங்கே ஆசியத் தொழிலாளர்களின் எண்ணிக்கையும் சாவும் மறைக்கப்படவில்லை. ஹெல்ஃபயர் பாஸ் இன்னும் ஒரு படி மேல். ஆஸ்திரேலிய அரசு 1998-இல் அங்கே அருங்காட்சியகம் கட்டி, 2018-இல் புதுப்பித்தது. மலையைச் சுத்தியலாலும் உளியாலும் வெட்டிய பள்ளத்துக்குள் நாம் நடக்கிறோம். பாறையில் உளி பாய்ந்த துளைகளை விரலால் தொட்டுப் பார்க்கலாம், ஒன்றில் உடைந்த உளித் துண்டு இன்னும் சிக்கியிருக்கிறது. காதில் மாட்டிய கருவியில் அங்கே வேலை செய்து உயிரோடு திரும்பியவர்களே பேசுகிறார்கள். கடை கிடையாது, கூச்சல் கிடையாது. உண்மையான இடம், பட்டவர்களின் வாய்ச்சொல், நடப்பவன் உடம்பில் ஏறும் களைப்பு ஆகிய மூன்றும் ஒரே பாதையில் சேர்ந்திருக்கின்றன. நினைவுச் சுற்றுலா எப்படி இருக்க வேண்டும் என்று யாராவது கேட்டால் நான் அதைத்தான் காட்டுவேன். அந்தக் குரல்கள் ஆஸ்திரேலியர்களுடையவை. அதில் தப்பும் இல்லை. தன் பிள்ளைகளுக்காக ஒரு நாடு வேற்று மண்ணில் பணம் செலவழித்துச் செய்த காரியம் அது. நம் நாடு நம் ஆட்களுக்காக அதில் கால்வாசியாவது செய்ததா என்ற கேள்வியை அந்த இடம் எழுப்பிவிடுகிறது. அதற்காகவே ஜொகூரிலிருந்து போகிறவர்கள் அதைத் தவறவிடக் கூடாது.

பாலத்துக்கு அருகில் இன்னொன்று உண்டு. குழுக்களில் பாதி அதைப் பார்க்காமலே போய்விடுகின்றன. 1944-இல் ஜப்பானிய ராணுவம் கட்டிய நினைவுத் தூண் அது. செத்த எல்லோருக்குமாக எழுப்பியதாகச் சொல்லி, பல மொழிகளில் கல்வெட்டுப் பதித்திருக்கிறார்கள். அவற்றில் தமிழும் ஒன்று. அந்தக் கல்லின் முன் நின்றபோது எனக்கு வந்த உணர்ச்சியை நன்றி என்று சொல்ல முடியாது, வெறும் வெறுப்பும் அல்ல. சயாமில் செத்த தமிழனுக்கு அவன் மொழியில் முதன்முதலில் கல் வைத்தவர்கள் அவனைச் சாகும்வரை வேலை வாங்கியவர்களே. அதற்குப் பிறகு, தாய்லாந்துத் தமிழ்ச் சங்கத்தின் முயற்சியிலும் தமிழக அரசின் நிதியுதவியிலும் காஞ்சனபுரியில் ஒரு நடுகல் எழுவதற்கு 2024 ஆகிவிட்டது. இடையில் எண்பது ஆண்டுகள். இந்த எண்பதையும் சொல்லாத வழிகாட்டி முக்கியமானதை விட்டுவிடுகிறார் என்பது என் கருத்து.

இங்கே ஒரு வாதத்தை எதிர்கொள்ள வேண்டும். நண்பர்கள் பலர் சொல்வது இது: கைதிகள் டைரி எழுதினார்கள், படம் வரைந்தார்கள், ஊர் திரும்பிப் புத்தகம் போட்டார்கள். தோட்டத்து ஜனங்களுக்கு எழுதத் தெரியாது, பெயர்ப்பட்டியல் கிடையாது. இல்லாத சான்றை வழிகாட்டி எங்கிருந்து கொண்டுவருவார்? இதில் பாதி உண்மை இருக்கிறது. போரில் தோற்றவர்கள் நிறைய ஆவணங்களை எரித்தார்கள். ஆனால் மீதிப் பாதி சோம்பல். ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' நாவலும் அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' நாவலும் மலேசியத் தமிழில் இருக்கின்றன. குறிஞ்சி வேந்தன் தப்பிப் பிழைத்தவர்களின் முகத்தையும் குரலையும் ஆவணப் படமாக்கியிருக்கிறார். மரண ரயில்வே ஆர்வக் குழு என்ற மலேசிய அமைப்பு தொழிலாளர்களின் கதைகளைத் திரட்டியிருக்கிறது. சான்று சுற்றுலாவுக்குள் வராததற்குக் காரணம், அதை யாரும் கேட்கவில்லை என்பதே. எலும்புகள்கூட இருக்கின்றன. 1990-இல் காஞ்சனபுரிக் கரும்புத் தோட்டம் ஒன்றில் தோண்டியபோது நூற்றுக்கணக்கான எலும்புக்கூடுகள் கிடைத்தன. கைதிகளின் உடல்களைப் போர் முடிந்ததும் தேடி எடுத்து வரிசையாக அடக்கம் செய்தார்கள். இவை நாற்பத்தைந்து ஆண்டுகள் கரும்புக்கு அடியில் கிடந்தன.

அதே போர் ஆண்டுகளில் ஐரோப்பாவில் நடந்ததை ஒப்பிட்டால் விஷயம் தெளிவாகும். முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும், இரண்டும் ஒன்றல்ல. யூதர்களை ஒருவர் விடாமல் அழிப்பதே நாஜிகளின் நோக்கம். ஜப்பானிய ராணுவத்துக்கு வேண்டியது பாதை, அதற்காக எத்தனை உயிர் போனாலும் கவலையில்லை. ஆனால் நினைவை எப்படி நடத்திக் காட்டுவது என்ற கேள்வியில் வார்சாவிடமிருந்து கற்க வேண்டியது நிறைய. 1940 நவம்பரில் அந்த நகரின் யூதர்களை மதிலுக்குள் அடைத்தார்கள். உள்ளே 4 லட்சத்துக்கு மேல் ஆட்கள். பட்டினிக்கு நடுவில் இம்மானுவேல் ரிங்கெல்புளூம் என்ற வரலாற்றாசிரியர் ஒரு குழுவைச் சேர்த்து, ரேஷன் சீட்டு முதல் பள்ளிப் பிள்ளைகளின் கட்டுரை வரை திரட்டித் தகரப் பெட்டிகளிலும் பால் கேன்களிலும் புதைத்து வைத்தார். போருக்குப் பிறகு, 1946-இலும் 1950-இலும் அவை தோண்டி எடுக்கப்பட்டன. இன்று அந்தத் தெருக்களில் நடத்திக் கூட்டிப்போகும் வழிகாட்டி அங்கே வாழ்ந்தவர்களின் எழுத்தைக் கையில் வைத்துக்கொண்டு பேச முடிகிறது. மதில் ஓடிய கோட்டை நடைபாதையில் பதித்திருக்கிறார்கள். அதைத் தாண்டும் காலுக்குத் தான் எந்தப் பக்கம் இருக்கிறோம் என்பது தெரியும். 1942 கோடையில் சுமார் 3 லட்சம் பேரை டிரெப்லிங்கா கொலைமுகாமுக்கு ரயிலேற்றிய இடத்தில், உம்ஷ்லாக்பிளாட்ஸில், 1988-இல் சுவர் எழுப்பி 400-க்கும் மேற்பட்ட பெயர்களை அகர வரிசையில் பொறித்தார்கள். குடும்பப் பெயர் இல்லை, பட்டியல் முழுமையும் இல்லை. யாரையெல்லாம் ஏற்றினார்கள் என்று தெரியாதபோது, அந்த ஊரில் வழங்கிய பெயர்களையே எழுதிவிட்டார்கள்.

இதில் நமக்கு இரண்டு பாடங்கள் தெரிகின்றன. பெயர்ப்பட்டியல் இல்லை என்பது சாக்காகாது, முனியம்மா, ராமாயி, பெருமாள், வீராசாமி என்று எழுத நமக்கு எந்த ஆவணமும் தேவையில்லை. அதைவிடப் பெரியது இரண்டாவது. வார்சாவில் நடை தொடங்குவது ஆட்கள் வாழ்ந்த தெருவிலும் அவர்களை ரயிலேற்றிய நடைமேடையிலும். காஞ்சனபுரியில் நாம் கதையின் கடைசிப் பக்கத்திலிருந்து தொடங்குகிறோம். பால்மரம் வெட்டியவன் எப்படி அங்கே வந்தான் என்பது அந்தப் பாலத்தடியில் தெரியவே தெரியாது. அது தெரிய வேண்டுமானால் நடக்க வேண்டிய இடம் ஜொகூர்.

ஜொகூர் பாருவிலிருந்து கெமாஸ் வரை ரயில் பாதை 1909-இல் திறக்கப்பட்டது. கூலாய், லாயாங் லாயாங், ரெங்கம், குளுவாங், பாலோ, லாபிஸ், சிகாமாட் என்று ஒவ்வொரு நிலையத்தைச் சுற்றியும் தோட்டங்கள். போர் வந்ததும் ரப்பர் ஏற்றுமதி நின்றது, சம்பளம் நின்றது, அரிசி நின்றது. மரவள்ளிக் கிழங்கே சோறாயிற்று. அந்தப் பசியில்தான் ஒரு நாளுக்கு ஒரு வெள்ளி, மூன்று மாதம் வேலை, பிறகு திரும்பலாம் என்ற அறிவிப்பு வந்தது. முதலில் சிலர் நம்பிப் போனார்கள். போனவர்கள் திரும்பாதது தெரிந்ததும் மற்றவர்கள் மறுத்தார்கள். பிறகு வலுக்கட்டாயம், தோட்டத்துக்கு இத்தனை ஆள் என்று கணக்கு. இலவசப் படம் காட்டுகிறோம் என்று கூட்டி, கதவைச் சாத்தி லாரியில் ஏற்றிய கதைகளை மலாயாவின் பல பகுதிகளிலும் பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அடைத்த சரக்குப் பெட்டிகளில் வடக்கே நாலைந்து நாள் பயணம். வீட்டில் மிஞ்சியவர்கள் பெண்களும் பிள்ளைகளும்.

பெயரைக் கொடுத்தது யார்? கேட்க மனசு கூசுகிற கேள்விதான், ஆனாலும் நல்ல சுற்றுலா இதை விடக் கூடாது. வெள்ளைக்கார துரை ஓடிப்போனபின் தோட்ட ஆபீஸில் இருந்தவர்கள் நம் கிராணிகளும் கங்காணிகளும். பல தோட்டங்களில் பட்டியல் அவர்கள் கையால் எழுதப்பட்டது. வார்சாவின் வழிகாட்டிகள் இப்படிப்பட்ட இடத்தில் ஒளிந்துகொள்வதில்லை. நாஜிகள் அமைத்த யூத மன்றத்தின் தலைவர் ஆடம் செர்னியாகோவ், ஆட்களை ஏற்றத் தொடங்கிய மறுநாள், 1942 ஜூலை 23 அன்று, தற்கொலை செய்துகொண்டதையும் சொல்கிறார்கள், மன்றம் அதற்குமுன் செய்ததையும் சொல்கிறார்கள். நாம் நம் கிராணிகளைப் பற்றி எழுபது எண்பது வருஷமாக வாய் திறக்கவில்லை. நேதாஜியின் இந்திய தேசிய ராணுவமான ஐ.என்.ஏ. பற்றிப் பெருமையோடு பேசுகிறோம். பேச வேண்டியதுதான். ஆனால் சயாமுக்குப் போகாமல் தப்ப அதில் சேர்ந்தவர்களும் உண்டு என்பதை மேடையில் சொல்லமாட்டோம். நேதாஜி 1943 ஜூலையில் சிங்கப்பூரில் பேசிய அதே மழைக்காலத்தில் வடக்கே நம் ஆட்கள் காலராவில் விழுந்துகொண்டிருந்தார்கள். இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லத் துணிகிற வழிகாட்டியை நான் இன்னும் சந்திக்கவில்லை.

ஜொகூரில் போர் நினைவிடமே இல்லை என்று சொல்ல முடியாது. பாரிட் சூலோங்கில் 1942 ஜனவரி 22 அன்று சரணடைந்த காயக்காரர்களை, சுமார் 110 ஆஸ்திரேலியரையும் 40 இந்தியச் சிப்பாய்களையும், கொன்ற இடத்தில் நினைவுச் சின்னம் நிற்கிறது. ஆஸ்திரேலியக் குடும்பங்கள் இன்றும் அங்கே வருகின்றன. எண்டாவில் 1943-இல் சிங்கப்பூர்ச் சீனர்களைக் காட்டை அழித்துக் குடியேற்றிய கதையையும் சீன வரலாற்றாசிரியர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். ஆனால் குளுவாங்கின் பழைய ரயில் நிலையத்துக்கு வெளியூர்க்காரர்கள் கூட்டம் கூட்டமாக வருவது 1938 முதல் நடக்கிற காப்பிக் கடைக்காக. காப்பி நன்றாகத்தான் இருக்கும், நானும் குடிப்பேன். அந்த நடைமேடை வழியாகப் போன சயாம் வண்டிகளைப் பற்றி ஒரு பலகைகூட என் கண்ணில் பட்டதில்லை.

என் தீர்ப்பு இது. காஞ்சனபுரி ஒரு நாள் சுற்றுலாவை இப்போதைய வடிவில் ஜொகூர்த் தமிழ்க் குடும்பங்களுக்கு நான் பரிந்துரைக்கமாட்டேன். நம் பாட்டன்மார் செத்த இடத்துக்கு நம்மையே அந்நியராகக் கூட்டிப் போய்த் திருப்பி அனுப்புகிறது அது. போகிறவர்கள் ஏற்பாட்டாளரிடம் முன்கூட்டியே மூன்றைக் கேட்டு வாங்க வேண்டும்: 1944 தமிழ்க் கல்வெட்டு, வாட் தவோர்ன் கோவில் வளாகக் கல்லறை, ஹெல்ஃபயர் பாஸில் அரை நாள். அதற்கு நேரம் போதாதென்றால் ரயில் பயணத்தை விட்டுவிடலாம். இந்த மூன்றுக்காக மட்டும் போவது தகும்.

அதற்கும் முன்னால் இங்கே நடக்க வேண்டும். இரண்டு மணி நேரம் போதும். லயன் வீடுகள் நின்ற இடம், ஆபீஸ் இருந்த இடம், பெரட்டுக் களம், லாரி போன செம்மண் பாதை, ரயில் நிலையம். பெரும்பாலான தோட்டங்கள் செம்பனையாகவும் வீட்டு மனையாகவும் மாறிவிட்டன, லயங்களை இடித்தாயிற்று. மிஞ்சியிருப்பது கோவில். பிழைப்புக்காக ஜொகூர் பாருவுக்கும் சிங்கப்பூருக்கும் போய்விட்ட பழைய தோட்டத்து ஜனங்கள் வருஷத்துக்கு ஒரு தரம் திருவிழாவுக்கு அங்கே திரும்பி வருகிறார்கள். அப்பா சயாமுக்குப் போனபோது ஏழெட்டு வயதாக இருந்தவர்களுக்கு இப்போது தொண்ணூறு. கோவில் நிர்வாகங்கள் இந்த வருஷத் திருவிழாவிலேயே காலையில் ஒரு மணி நேரத்தை அவர்களுக்கு ஒதுக்கி, பேரப்பிள்ளைகளைக் கூட்டி, எந்த வீட்டிலிருந்து யார் போனார் என்று நடந்து காட்டச் சொல்ல வேண்டும். பக்கத்துத் தமிழ்ப் பள்ளியின் ஆசிரியர் ஒருவர் கைப்பேசியில் அதைப் பதிவு செய்தால் போதும்.